லாச்சுங்கில் நிற்கும் வண்டி

அக்டோபர் 4, 2023, புதன். லாச்சுங்

கைபேசியில் சார்ஜ் தீரப்போகிறது. தீர்ந்துவிட்டால் இங்கே கிழமைகூடத் தெரியாது. தங்கை மருந்துக் கணக்கு எழுதும் நோட்டைத் திருப்பிவைத்து, பின்பக்கத்திலிருந்து எழுதுகிறேன்.

நேற்று பொழுது சாயும் நேரத்தில் வந்து சேர்ந்தோம். கேங்டாக்கிலிருந்து 120 கிலோமீட்டர்தான், ஒரு பகல் முழுக்க ஆனது. எட்டுப் பேர், ஒரு டாடா சுமோ. நானும் தங்கையும், கோவையிலிருந்து வந்த கணவன், மனைவி, கல்லூரியில் படிக்கும் அவர்கள் மகன், ரயில்வேயில் ஓய்வுபெற்ற ஒருவர், அவர் மனைவி, மனைவியின் அண்ணன். வடசிக்கிம் எல்லைப் பகுதி. அனுமதிச் சீட்டு இல்லாமல் நுழைய முடியாது. அதைப் பதிவு பெற்ற சுற்றுலா நிறுவனம்தான் வாங்கித் தரும். ஓட்டுநரே வழிகாட்டி. முப்பது வயது இருக்கும். நேபாளி பேசுகிறவர், சிங்தாமில் ஆற்றோரம் வாடகை வீடு. தங்கை நாக்பூரில் வங்கியில் வேலை பார்த்தவள், இந்தி நன்றாக வரும். அவர் சொல்லச் சொல்ல அவள் எங்களுக்குத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தாள்.

சுங்தாங்கில் லாச்சென் ஆறும் லாச்சுங் ஆறும் கூடுகின்றன. அங்கிருந்துதான் தீஸ்தா. அங்கே அணை. 60 மீட்டர் உயரம், 1,200 மெகாவாட் மின்சாரம் என்றார். தூறலில் இறங்கிப் படம் எடுத்துக்கொண்டோம். அதைத் தாண்டி வந்தால் பீம் நாலா அருவி. உயரத்தைப் பார்த்து ஊர்க்காரர்கள் அதற்கு அமிதாப் பச்சன் அருவி என்று பெயர் வைத்துவிட்டார்களாம். எல்லோரும் சிரித்தோம்.

இன்று விடிவதற்கு முன் யும்தாங் பள்ளத்தாக்குக்குப் புறப்பட்டிருக்க வேண்டும். மின்சாரம் இல்லை, சிக்னல் இல்லை. ஆறு மணிக்கு ஓட்டுநர் வாசலில் வந்து நின்று இந்தியில் ஏதோ சொன்னார். தங்கை எங்களிடம் சொல்லாமல் அவரையே திரும்பக் கேட்டாள். அவர் அதையே மறுபடி சொன்னார். சுங்தாங் அணை இல்லை.

ராணுவக்காரர்கள் சொன்ன செய்தி அது. இரவில் மேலே பனிமலையில் ஒரு ஏரி உடைந்திருக்கிறது. லாச்சென் பக்கமாக வந்த வெள்ளம் அணையை அடித்துக்கொண்டு போய்விட்டது. பாலங்களும் போய்விட்டன.

எங்கள் ஜன்னலுக்குக் கீழே லாச்சுங் ஆறு நேற்று ஓடியபடியே ஓடுகிறது. வெள்ளம் போனது பக்கத்துப் பள்ளத்தாக்கில். இரவு முழுக்க நாங்கள் நன்றாகத் தூங்கியிருக்கிறோம்.

அணைக்குக் கீழே திக்சு, சிங்தாம், ரங்போ, எல்லாமே தீஸ்தாக் கரை. அந்த ஊர்ப் பெயர்களை அதே வரிசையில் சொல்லிவிட்டு ஓட்டுநர் வண்டியைத் துடைக்கப் போனார்.

அக்டோபர் 5

மழை. எல்லோரும் புகாரி அடுப்பைச் சுற்றி. யாரும் பேசவில்லை.

அக்டோபர் 6, வெள்ளி

ரயில்வேக்காரரின் மனைவிக்குச் சர்க்கரை. இரண்டு வேளை ஊசி. மருந்தைக் குளிரில் வைக்க வேண்டுமே என்ற கவலை இந்த ஊரில் இல்லை. கவலை, எவ்வளவு மீதி இருக்கிறது என்பதுதான். ஞாயிற்றுக்கிழமை வரை வரும் என்று அவர் கணக்குப் போட்டிருக்கிறார். அந்தம்மாள் இரண்டு கவளம் சாப்பிட்டால் ஊசி குறையும் என்று தட்டைத் தள்ளி வைத்தார். தங்கைக்குக் கோபம் வந்துவிட்டது. "சாப்பிடாமக் கெடந்து மயங்கி விழுந்தா இங்க யார் தூக்குவா?" என்று அதட்டிச் சாப்பிட வைத்துவிட்டு, மருந்துச் சீட்டை வாங்கிக்கொண்டு மழையிலேயே ராணுவ முகாமுக்கு நடந்தாள். அங்கே மருத்துவர் இருந்தார். அதே மருந்து இல்லை; வேறு வகை இருக்கிறது, அளவை மாற்றி எழுதித் தருகிறேன் என்று சொல்லி, ஒரு குப்பியைக் காகிதத்தில் சுற்றிக் கொடுத்தனுப்பினார். அந்தம்மாள் அதைக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

விடுதி நடத்தும் அம்மாள் பூட்டியா. சோற்றை அளந்து போடுகிறார். பருப்பு, உருளைக்கிழங்கு, முட்டைக்கோஸ், தோட்டத்துக் கடுகுக்கீரை. நான்காம் தேதியிலிருந்து காசு வேண்டாம் என்று சொல்லிவிட்டார். லாச்சுங்கிலும் லாச்செனிலும் ஜும்சா என்கிற பழைய ஊர்ச்சபை இருக்கிறது; அரசு அதையே பஞ்சாயத்தாக ஏற்றிருக்கிறது. தலைவரைப் பிபோன் என்கிறார்கள். எந்த வீட்டில் எத்தனை பேர், யாரிடம் அரிசி இருக்கிறது என்று சபை ஆட்கள் கேட்டு எழுதிக்கொண்டு போனார்கள். சத்தமே இல்லை. கோவைக்காரர் மட்டும் சத்தம் போட்டார். பணம் கட்டி வந்திருக்கிறோம், நிறுவனம் ஏன் ஆள் அனுப்பவில்லை, இந்த ஓட்டுநர் என்னதான் செய்கிறார் என்று. அவர் மகன் எழுந்து வெளியே போய்விட்டான். மனிதருக்குப் பயம். அது கோபமாக வெளியே வருகிறது. எனக்குப் புரிகிறது. ஆனாலும் அவர் பேசும்போது ஓட்டுநர் கதவருகே நின்றிருந்தார், அதை என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

ஓட்டுநருக்கு மனைவியும் நான்கு வயது மகளும். வீடு சந்தைக்குக் கீழே, தரைத்தளம். நாளைக்கு மூன்று நான்கு தடவை மேட்டில் ஏறி, கைபேசியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். இன்று மதியம் தங்கையிடம் மட்டும் பேசினார். சுங்தாங்கில் நள்ளிரவு தாண்டி அணை போயிருக்கிறது. சிங்தாமுக்குத் தண்ணீர் வந்து சேர ஒன்றரை, இரண்டு மணி ஆகியிருக்கும். அந்த நேரத்தில் தூங்கிக்கொண்டுதான் இருந்திருப்பார்கள். இதைச் சொல்லிவிட்டு, "உங்கள் அறைக்கு இன்னொரு கம்பளி வேண்டுமா?" என்று கேட்டார்.

வேண்டாம் என்றோம். கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனார்.

அக்டோபர் 8, ஞாயிறு

ராணுவத்தினர் செயற்கைக்கோள் தொலைபேசி வைத்திருக்கிறார்கள். நீண்ட வரிசை. ஆளுக்கு ஓரிரு நிமிடம். மகள் குரலைக் கேட்டதும் எனக்கு வார்த்தை வரவில்லை. "அம்மா, எங்க இருக்க? டிவியில எல்லாம் அடிச்சிட்டுப் போற மாதிரி காட்றாங்க" என்றாள். நல்லா இருக்கேன், சாப்பிட்டேன், குளிருது என்றேன். நேரம் முடிந்துவிட்டது.

தங்கை தன் முறை வந்தபோது ஓட்டுநரை முன்னால் இழுத்து நிறுத்தினாள். சுற்றுலா வந்தவர்களுக்கு முதலில், உள்ளூர்க்காரர்களுக்குப் பிறகு என்றுதான் வரிசை. எங்களோடு வந்தவர், எங்களில் ஒருவர் என்றாள். அந்த வீரர் மறுக்கவில்லை. மனைவியின் எண்ணைப் போட்டார். போகவில்லை. மறுபடி போட்டார். வீரர் எண்ணை வாங்கித் தன் குறிப்பில் எழுதிக்கொண்டு, சிங்தாம் பக்கம் பர்தாங்கில் தங்கள் ஆட்கள் 23 பேர் வெள்ளத்தில் காணாமல் போனார்கள் என்றார். அதைச் சொல்லும்போது அவர் யாருடைய முகத்தையும் பார்க்கவில்லை.

திரும்பும் வழியில் மூன்று பேரும் ஒன்றும் பேசவில்லை.

அக்டோபர் 9, திங்கள்

வானம் தெளிந்துவிட்டது! முதல் முறையாகப் பனிச் சிகரங்களைப் பார்த்தோம். வந்ததே இதைப் பார்க்கத்தான். எல்லோரும் மேலே பார்த்தது ஹெலிகாப்டருக்காக.

முதியோர், நோயாளிகள், குழந்தைகள் முதலில். ரயில்வேக் குடும்பம் போய்விட்டது. பட்டியலுக்குச் சண்டை போட்டவர்களைப் பற்றி எழுதப் போவதில்லை.

அக்டோபர் 10, செவ்வாய். மங்கன்

காலையில் எங்கள் முறை. ஓட்டுநர் பைகளைத் தூக்கிக்கொண்டு ஹெலிகாப்டர் தளம் வரை வந்தார். அவர் பெயர் எந்தப் பட்டியலிலும் இல்லை. இருந்தாலும் ஏறியிருக்க மாட்டார். சாலை இல்லை, வண்டி இறங்க வழியில்லை; கடனில் வாங்கிய வண்டி, இன்னும் பல தவணை பாக்கி. தங்கை கொஞ்சம் பணம் கொடுத்தாள். வாங்கிக்கொண்டார். எனக்குக் கைகூப்பினார். நான் அவர் தலையில் கை வைத்தேன். வேறென்ன செய்ய?

மேலே இருந்தது சில நிமிடம்தான். ஜன்னல் வழியாகத் தீஸ்தா தெரிந்தது. சாம்பல் நிறச் சேறு, இரு கரையிலும் மரம் வழித்தெடுத்த மண். நாங்கள் நின்று படம் எடுத்த இடத்தைத் தேடினேன். எனக்கு அகப்படவில்லை.

மங்கனில் இறங்கியதும் தங்கையின் கைபேசியில் சிக்னல். என் மகளுக்குக்கூடப் பேசாமல் ஓட்டுநர் மனைவியின் எண்ணைத்தான் முதலில் போட்டாள். மூன்றாம் தடவை ஒரு பெண் எடுத்தாள். பள்ளிக்கூடத்தில் முகாமில் இருக்கிறார்கள். குழந்தை பக்கத்தில். எச்சரிக்கை கேட்டு எல்லோரும் மேட்டுக்கு ஓடியதில் பிழைத்தார்கள். வீட்டுக்குள் கூரை வரை சேறு, ஒரு பாத்திரம்கூட மிஞ்சவில்லை. கணவர் நன்றாக இருக்கிறார் என்று தங்கை சொன்னதும் அந்தப் பெண் அழுதாள். பிறகு, "வண்டிக்கு ஒன்றும் ஆகவில்லையே?" என்று கேட்டாள்.

இங்கே எங்களுக்குத் தெரிந்துவிட்டது. அங்கே அவருக்குத் தெரியாது. லாச்சுங்குக்கு ஃபோன் போகாது. காலையில் நாங்கள் பார்த்த அதே முகத்தோடு இப்போதும் மேட்டில் ஏறிக்கொண்டிருப்பார்.

தங்கை இந்த நோட்டிலிருந்து ஒரு தாளைக் கிழித்து இந்தியில் எழுதினாள். மனைவி, குழந்தை நலம், பள்ளி முகாமில். ஓட்டுநர் பெயர், வண்டி எண், விடுதிப் பெயர். திரும்ப லாச்சுங் போகிற ஹெலிகாப்டரின் வீரரிடம் கொடுத்தாள். அவர் வாங்கிச் சட்டைப் பையில் வைத்தார். அந்தப் பையில் அதுபோல வேறு தாள்களும் இருந்தன.

அக்டோபர் 12

லாவா, கோருபதான் வழியாகச் சிலிகுரி. நெடுஞ்சாலையைப் பல இடங்களில் ஆறு கொண்டுபோய்விட்டது.

அக்டோபர் 15, ஞாயிறு. திருநெல்வேலி

பார்க்க வருகிறவர்கள் எல்லோரும் ஒரே கேள்வி கேட்கிறார்கள், ரொம்பப் பயந்துட்டீங்களா என்று. தொலைக்காட்சியும் அப்படித்தான் சொன்னதாம்: 3,000 சுற்றுலாப் பயணிகள் சிக்கினர், மீட்கப்பட்டனர். மீட்டாயிற்று, செய்தி முடிந்தது. எங்களுக்குச் சோறு போட்டவர்கள் எந்த எண்ணிக்கையில் வருகிறார்கள்?

இரவில் தூக்கம் வரவில்லை.

அக்டோபர் 22

மகள் கணினியில் தேடித் தந்ததையெல்லாம் படித்தேன். அந்த ஏரியின் பெயர் தெற்கு லோனாக். ஏறக்குறைய 17,000 அடி உயரத்தில், பனியாறு உருகி உருகிப் பெருத்த ஏரி. மண்ணும் கல்லும் குவிந்த கரைதான் அதற்குத் தடுப்பு. அன்றிரவு பக்கத்துச் சரிவு ஏரிக்குள் சரிந்து விழ, எழுந்த அலை கரையை உடைத்தது. செப்டம்பர் 28-இல் 167 ஹெக்டேர் இருந்த ஏரி அக்டோபர் 4-இல் 60 ஹெக்டேராகச் சுருங்கியதை இஸ்ரோவின் செயற்கைக்கோள் படங்கள் காட்டின.

ஏரி ஆபத்து என்பது புதுச் செய்தி இல்லை. 2016-லேயே அங்கே குழாய் போட்டுத் தண்ணீரை வடிக்க முயன்றார்கள். ஆய்வாளர்கள் எழுதி எச்சரித்திருக்கிறார்கள். தீஸ்தாவில் அணை மேல் அணை வேண்டாம் என்று 2007-இல் லெப்சா இளைஞர்கள் உண்ணாவிரதம் இருந்தார்கள். நாங்கள் பார்த்த அணை அதற்குப் பத்து ஆண்டுகள் கழித்து, 2017-இல் மின்சாரம் கொடுக்கத் தொடங்கியது. மேலே பெருத்துக்கொண்டிருந்த ஏரி, கீழே நிறைந்து நின்ற அணை, அதற்கும் கீழே தூங்குகிற ஊர்கள். யாருக்கும் தெரியாமல் நடந்தது என்று யாரும் சொல்ல முடியாது.

நவம்பர் 6, திங்கள்

ஓட்டுநர் கூப்பிட்டார்! சிங்தாமிலிருந்து. நடந்தும், அங்கங்கே கிடைத்த வண்டியில் ஏறியும் வந்து சேர்ந்திருக்கிறார். உறவினர் வீட்டில் ஒரே அறையில் இருக்கிறார்கள். மகளைப் பேச வைத்தார். அது பேசாமல் மூச்சு மட்டும் விட்டது.

காகிதம் கிடைத்ததா என்று கேள் எனச் சைகை காட்டினேன். தங்கை கைபேசியை மற்றக் காதுக்கு மாற்றிக்கொண்டு, கரண்ட் வந்துவிட்டதா, தண்ணீர் வருகிறதா என்று வேறென்னவோ கேட்டாள். வைத்த பிறகு, "கேட்டா என்னக்கா ஆகப்போகுது? கெடைக்கலேன்னு சொன்னா?" என்றாள்.

வண்டி இன்னும் லாச்சுங்கில்தான். விடுதி அம்மாளின் தோட்டத்தில் நிறுத்தி, தார்ப்பாய் போட்டுக் கட்டியிருக்கிறார். தவணை மாதம் பத்தாம் தேதி. அதைவிட இன்னொன்றை அவர் தயங்கித் தயங்கிச் சொன்னார். டிசம்பருக்குப் பதிவு செய்திருந்தவர்கள் ஒவ்வொருவராகக் கூப்பிட்டு முன்பணத்தைத் திருப்பிக் கேட்கிறார்கள். கேட்பது அவர்கள் உரிமை, கொடுத்துவிடுகிறேன் என்றுதான் எல்லோரிடமும் சொல்கிறாராம். அந்தப் பணம் சட்டி பானை, கம்பளி, குழந்தைக்குச் சட்டை என்று எப்போதோ செலவாகிவிட்டது.

இதைப் படிக்கிறவர்களில் யாராவது சிக்கிமுக்குப் பதிவு செய்து வைத்திருந்தால் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். ஓட்டுநரிடமும் சின்ன விடுதிக்காரர்களிடமும் கொடுத்த முன்பணத்தைத் திருப்பிக் கேட்காதீர்கள். தேதியைத் தள்ளி வையுங்கள். வடக்கே போக முடியாவிட்டால் பெல்லிங், நாம்ச்சி பக்கம் போங்கள், அங்கே வழி இருக்கிறது. அடுத்த ஆண்டு போனாலும் சரி, போங்கள்.