இரண்டு பாவும் சேர்ந்து ஓடும் இடம்

வேலூரிலிருந்து காலைப் பேருந்தில் காஞ்சிபுரம் வந்து இறங்கியபோது என் தோள்பையில் அம்மாவின் கல்யாணப் புடவை இருந்தது. அரக்கு உடல், பச்சைக் கரை, பச்சை முந்தி. அம்மா போய் மூன்று வருடமாகிறது. பீரோவில் மடித்த மடிப்பிலேயே இருந்து, மடிப்பு விழுந்த இடங்களில் பட்டு நைய ஆரம்பித்துவிட்டது. நெய்த ஊரில் காட்டி வழி கேட்கலாம் என்று கிளம்பினேன். காரணம் அது மட்டுமில்லை என்று எனக்கும் தெரியும்.

முதலில் நெல்லுக்காரத் தெரு. அங்கே சித்திரகுப்தனுக்குத் தனிக் கோயில் இருக்கிறது. ஒரு கையில் ஏடு, ஒரு கையில் எழுத்தாணி. சித்ரா பௌர்ணமிக்குக் கூட்டம் தாங்காது. நான் போனது சாதாரண நாள். கடைக்குப் போகிறவர்கள் செருப்பைக் கழற்றிவிட்டு, ஒரு கும்பிடு போட்டுவிட்டு நடந்தார்கள். யமனுக்குக் கணக்கு எழுதுகிறவரைக் கடைத்தெருவிலேயே குடிவைத்து, தினம் முகம் பார்த்துப் போகிற ஊர் இது.

இந்த ஊரை ஆண்ட பல்லவர்களில் ஒருவர் ஐயடிகள் காடவர்கோன். அரசை மகனிடம் ஒப்படைத்துவிட்டு, சிவத்தலங்களை நாடிப் போனவர். 63 நாயன்மார்களில் ஒருவர். அவருடைய க்ஷேத்திரத் திருவெண்பா பதினோராம் திருமுறையில் இருக்கிறது. மொத்தம் 24 வெண்பா. மூச்சு ஒடுங்கும் முன், தொண்டையில் கோழை அடைக்கும் முன், உறவு கூடி அழும் முன் இன்ன தலத்தை நினை என்று தன் நெஞ்சுக்குத் திரும்பத் திரும்பச் சொல்கிறார். அரியணையில் இருந்தவர் சாவுப் படுக்கையை இவ்வளவு கிட்டே போய்ப் பார்த்திருக்கிறார். அதைச் சொல்வது அமங்கலம் என்று அவர் நினைக்கவில்லை.

நாங்கள் நினைத்தோம். அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

வெயில் ஏறும் முன் பிள்ளையார்பாளையம் போனேன். தெருவில் நடக்கும்போதே தறிச் சத்தம் காதில் விழுந்தது. தெரிந்தவர் சொல்லி அனுப்பிய வீட்டில் எழுபதைத் தாண்டிய பெரியவரும் அவர் மனைவியும் குழித்தறியில் இருந்தார்கள். புடவையை வாங்கியவர் ஜரிகையைப் பார்க்கவில்லை. துணியைப் புரட்டிப்போட்டு, உடலும் முந்தியும் சேருகிற இடத்தில் கட்டைவிரல் நகத்தை மெதுவாக ஓட்டினார்.

“கோர்வை. பிட்னி முந்தி. நல்ல கை நெய்திருக்கும்மா.”

கோர்வை என்றால் உடலுக்கு ஒரு நிறம், கரைக்கு வேறு நிறம். குறுக்கு இழை ஓட்டும் நாடா மூன்று போட்டு இரண்டையும் இழைக்கு இழை பூட்டுவது. கரை நாடாவைப் போட இன்னொரு ஆள் கூட உட்கார வேண்டும். பிட்னி இன்னும் நுட்பமானது. முந்தி வேறு நிறமாக இருந்தால் அந்த இடத்தில் பாவையே, அதாவது நீளவாக்கில் ஓடும் இழைகளையே, மாற்ற வேண்டும். அன்று அவர்கள் தறியில் நடந்துகொண்டிருந்ததும் அந்த வேலைதான். கத்தரிப்பூ நிறப் பாவு முடிகிற இடம். ஒவ்வொரு பழைய இழையையும் விரல் நுனியால் பிரித்து, அதற்கான மஞ்சள் இழையை அதோடு கோத்துக்கொண்டிருந்தார்கள். ஆயிரக்கணக்கான இழைகள். ஒன்று தப்பினாலும் துணியில் தெரியும்.

“பழைய பாவை உடனே வெட்டிட மாட்டீங்களா ஐயா?”

“அதெப்படிம்மா? புதுசு பிடிக்கணுமில்ல. கொஞ்ச தூரம் ரெண்டும் சேர்ந்தே ஓடணும். அப்புறம்தான் பழசை வெட்டறது.”

அம்மாவின் புடவையில் அதே இடத்தைத் தொட்டுப் பார்த்தேன். சிறு வரப்பு போல விரலில் தட்டுப்பட்டது. மடிப்பெல்லாம் நைந்திருந்தும் அந்த இடம் அப்படியே இருந்தது.

அவர்கள் மகன் ஒரகடத்தில் தொழிற்சாலை வேலைக்குப் போகிறாராம். “எங்களோட இந்தத் தறி நின்னுடும்” என்றார் அந்த அம்மாள். கண்ணில் நீர் இல்லை, கையும் நிற்கவில்லை. பெரியவர் சொன்னார்: “நிக்கறது நிக்கட்டும்மா. அதுக்காக ஏத்தின பாவைப் பாதியில விடுவோமா?”

சாயங்காலம் சின்னக் காஞ்சிபுரம். வரதராஜப் பெருமாள் கோயிலில் கல் சங்கிலி தொங்கும் நூற்றுக்கால் மண்டபத்தைத் தாண்டி அனந்தசரஸ் குளத்தின் படியில் உட்கார்ந்தேன். குளத்துக்குள் நான்கு கால் நீராழி மண்டபம். அதன் அடியில், தண்ணீருக்குள், அத்திமரத்தால் ஆன அத்தி வரதர் சயனத்தில் இருக்கிறார். 40 வருடத்துக்கு ஒருமுறைதான் வெளியே வருவார். 48 நாள் ஆனதும் மறுபடி தண்ணீருக்குள்.

1979-இல் அம்மாவின் இடுப்பில் உட்கார்ந்து பார்த்தேனாம். எனக்கு அப்போது ஐந்து வயது. 2019-இல் அம்மாவைச் சக்கர நாற்காலியில் வைத்து நான் தள்ளிக்கொண்டு வந்தேன். ஜூலை 1 முதல் சயனக் கோலம், ஆகஸ்ட் 1 முதல் நின்ற கோலம். ஒரு கோடிப் பேருக்கு மேல் வந்த அந்தக் கூட்டத்தில் நாங்களும் சயனக் கோலம் பார்த்தோம். ஆகஸ்ட் 17-ஆம் தேதி வரதர் திரும்பக் குளத்துக்குள் போனார். இனி 2059.

தரிசனம் முடிந்து வெளியே வந்ததும் அம்மா சொன்னார்: “அடுத்த தடவை இவர் வர்றப்ப நான் இருக்க மாட்டேன்டி. நீ வா. உனக்கு முடியலைன்னா உன் பொண்ணை வரச் சொல்லு.”

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். நான்தான் பதறினேன். “கோயில்ல வந்து என்ன பேச்சும்மா இது? வாயை மூடுங்க.”

அம்மா வாயை மூடிக்கொண்டார். அதற்குப் பிறகு அந்தப் பேச்சை எடுக்கவேயில்லை. கடைசி ஆறு மாதம் படுக்கையில் இருந்தபோது, “உங்களுக்கு ஒண்ணுமில்லம்மா, சரியாயிடும்” என்று நாங்கள் எல்லோரும் மாற்றி மாற்றிச் சொன்னோம். தனக்குத் தெரிந்ததை யாரிடமும் சொல்ல முடியாமல் அம்மா தனியாக வைத்துக்கொண்டிருந்தார். நகையை யாருக்குத் தர வேண்டும், யாரிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும், எதை நினைத்துப் பயந்தார், எதுவும் எனக்குத் தெரியாது. சேர்ந்து ஓட வேண்டிய அந்தக் கொஞ்ச தூரத்தில் என் இழையை நான் கோக்கவில்லை.

இருட்டியபின் படியிலிருந்தே மகளுக்குப் போன் செய்தேன். பாட்டி சொன்னதை அப்படியே சொன்னேன். 2059-இல் எனக்கு 85 வயது; நான் இல்லாவிட்டால் நீ வா என்றேன். “ஏம்மா இப்படிப் பேசற?” என்றாள். “கேளு” என்றேன். கேட்டாள். அரை மணி நேரம் பேசினோம்.

அம்மாவின் புடவையைத் தைக்கக் கொடுக்கவில்லை. நைந்த உடல் நையட்டும். பிட்னி சேர்ந்த முந்தியை மட்டும் எடுத்து மகளிடம் கொடுக்கப் போகிறேன்.

உங்கள் வீட்டில் அப்பாவோ அம்மாவோ தன் முடிவைப் பற்றிப் பேச வாயெடுத்தால், அபசகுனம் என்று தடுக்காதீர்கள். பக்கத்தில் உட்கார்ந்து, அவர்கள் சொல்லி முடிக்கும்வரை கேளுங்கள்.