மாய்ந்தனன் வெண்கல வீரன்

நூறாண்டு வாழ்ந்தவன் மறைவுக்கு அழுதல் தகுமோ என்பீர். தகும். திரையில் குதிரை ஏறிப் பாடிய கறுப்புக் கௌபாய் ஹெர்ப் ஜெஃப்ரீஸ் நிரம்ப வாழ்ந்தான். அவன் தொடங்கி வைத்ததோ நிரம்பவில்லை. 2014 மே 25 அன்று கலிபோர்னியாவில் அவன் ஆழ்குரல் அடங்கிற்று.

மொஹாவிப் பாலையே, நீ அவனை அறிவாய். விக்டர்வில் அருகே, கறுப்பர் ஒருவர்க்கு உரிய பண்ணையில், ஸ்டார்டஸ்க் என்னும் புரவி ஏறி உன் புழுதி கிளப்பிப் பாடி வந்தவன் அவன். மாடு மேய்த்து அமெரிக்க மேற்கை ஆண்டோருள் நால்வர்க்கு ஒருவர் கறுப்பர் எனக் கணிப்பர் வரலாற்றாசிரியர். டெக்சாசிலிருந்து கான்சஸ் வரை அவர் மந்தை ஓட்டிய தடம் மண்ணில் கிடந்தது. திரையில் மட்டும் அதைக் காணோம்.

பெரும! ஏர்ல் ஹைன்ஸின் இசைக்குழுவோடு தென்மாநிலங்களில் பாடித் திரிந்த நாளில், கறுப்பர்க்கென ஒதுக்கிய திரைக்கொட்டகைகளிலும் வெள்ளைக் கௌபாய்களே குதிரை ஏறக் கண்டாய். விளையாட்டில் வெள்ளைக் கௌபாய் நடிகன் டாம் மிக்ஸ் ஆக விரும்பிய கறுப்புச் சிறுவனை, 'அவன் நிறம் வேறு' எனத் தோழர் விலக்க, அவன் விம்மி நின்ற கதையை முதுமையிலும் சொல்லி வந்தாய். நின் தாய் ஐரிஷ் குடியினள். நின் மேனியோ வெளிறியது. வெள்ளையன் எனக் கடந்து போக வழியிருந்தும் போகாய் ஆயினை. கேமரா முன் வருமுன் முகத்தில் கருஞ்சாயம் பூசி, அச்சிறுவனின் நிறத்தையே அணிந்தாய். 1937இல் 'ஹார்லெம் ஆன் த ப்ரெய்ரி' வந்தது. 1939இல் வந்த 'த ப்ரோன்ஸ் பக்கரூ' (வெண்கல வீரன்) என்னும் படத்தின் பெயரே நின் பட்டமாயிற்று.

பின்னர் ட்யூக் எலிங்டன் தம் இசைக்குழுவுக்கு நின்னை அழைத்துக்கொண்டார். 1940இல் 'ஃபிளமிங்கோ' பதிவாயிற்று. ஊரெல்லாம் நின் பாட்டைக் கேட்டது. இசை நின்னைப் பெற்றது. குதிரையோ வெறுஞ்சேணத்தோடு நின்றது.

வீழ்ந்த வீரர்க்குக் கல் நடுதல் நம் மரபு. ஹாலிவுட் நடைபாதை 2004இல் நினக்கொரு விண்மீன் பதித்தது. அப்போது நீ தொண்ணூறு நிறைந்த முதியோன்! நின் படங்கள் வந்து அறுபத்தைந்து ஆண்டு கழிந்திருந்தது. அவ்விடைவெளியில் எத்துணைச் சிறுவர், தம் நிறத்தான் ஒருவன் திரையில் குதிரை ஏறக் காணாமலே கிழவராயினர்! நினக்கு அழும் எம் கண்ணீரில் அவர்க்கும் பங்குண்டு. நின் வாழ்நாளை இனி யாரும் நீட்டித் தர இயலாது. அவர் இழந்த இளமையையும் இனி யாரும் மீட்டுத் தர இயலாது. கையற்று நிற்கிறோம், பெரும.