வாதாடியவருக்கும் வயிறு உண்டு

சட்டம் பயிலும் நான் ஏழைகளுக்காக வாதாடவே விரும்புகிறேன். "அப்புறம் பிடிபிடிஎன் கடனை யாரும்மா கட்டுறது?" என்கிறார் அப்பா.

கடுங்குற்ற வழக்குகளில் ஏழைகளுக்கு அரசே வழக்கறிஞரை அமர்த்த வேண்டும் என 1963-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் கிடியன் வழக்கில் தீர்ப்பளித்தது. ஆனால், 2025 ஜூலையில் கூட்டரசு நீதிமன்றங்கள் நியமித்த தனியார் வழக்கறிஞர்களுக்கான நிதி தீர்ந்தது. மாதக்கணக்கில் கட்டணம் வரவில்லை. சிலர் புதிய வழக்குகளை ஏற்க மறுத்தனர்.

அவர்களைப் பழிக்க எனக்கு மனமில்லை. பால்மரம் சீவிய என் பாட்டிக்குச் சம்பளம் போடாத மாதம் எப்படி இருக்கும் என்று தெரியும். ஆனால், இந்தத் தகராறில் தவிப்பவர் வழக்கறிஞர் மட்டுமல்லர். விசாரணைக்குக் காத்திருக்கும் ஏழையும்தான்.

நம் நாட்டில் 2011-இல் தேசிய சட்ட உதவி அறவாரியம் தோன்றியது. தோழர்களே, அதற்குத் தடையின்றி நிதி கேட்போம். வழக்கறிஞருக்காக மட்டுமன்று, கைவிலங்கோடு நிற்கும் நம் வீட்டுப் பிள்ளைக்காகவும்.