ஆந்தை கத்திய காடும் அனந்தீசுவரர் கோயில் சுவரும்

கல்கியின் ‘பொன்னியின் செல்வன்’ எனக்கு முதலில் பைண்டு வால்யூமாகத்தான் கிடைத்தது. 1950 முதல் 1954 வரை ‘கல்கி’ இதழில் தொடராக வந்தபோது, அத்தை வாரா வாரம் பக்கங்களைக் கிழித்துச் சேர்த்துத் தைக்கக் கொடுத்து வைத்திருந்தார். காலிகோ அட்டை, முதுகில் வெள்ளை மசியில் அத்தையின் கையெழுத்து. ஒரு பக்கத்தில் மணியம் வரைந்த குந்தவை; திருப்பினால் பாதி வெட்டுப்பட்ட தைல விளம்பரமோ, எங்கோ தொடங்கி எங்கோ முடியும் ஒரு கட்டுரையின் நடுப்பகுதியோ இருக்கும். அந்தத் துண்டுக் கட்டுரைகளையும் விடாமல் படிப்பேன். கதையும் செய்தியும் எனக்கு அப்படி முதுகோடு முதுகு ஒட்டித்தான் அறிமுகமாயின.

எங்கள் ஊர் காட்டுமன்னார்கோயில். நாவலின் முதல் அத்தியாயத்திலேயே வந்தியத்தேவன் குதிரையில் வருவது எங்கள் வீராணம் ஏரிக்கரையில்தான். சேத்தியாத்தோப்புப் பக்கம் போகும் பஸ் அந்தக் கரைமேல்தான் ஓடும். ஏரிக்கு எழுபத்து நான்கு மதகு என்று கதையில் வரும். ஜன்னலோரம் உட்கார்ந்து எண்ணிக்கொண்டே போவேன், பஸ் போகிற வேகத்தில் எண்ணி முடிந்ததே இல்லை. கடம்பூர் மாளிகையில் சோழ இளவரசன் ஆதித்த கரிகாலன் செத்துக் கிடந்த அத்தியாயத்தைப் படித்த இரவு தூங்கவில்லை. கடம்பூர் எங்களுக்குப் பக்கத்து ஊர். சித்தப்பா சைக்கிள் பாரில் என்னை உட்கார்த்தி அழைத்துப் போய் மேலக்கடம்பூர்க் கோயிலைக் காட்டினார். கருவறையையே தேர் போலச் சக்கரமும் குதிரையுமாகக் கல்லில் செதுக்கியிருக்கும் அற்புதமான கோயில். நான் மாளிகையைத் தேடினேன். “அதெல்லாம் கதைடா” என்றார். அப்படியானால் ஏரி? அது நிஜம்தானே? கதை எங்கே முடிகிறது, நிஜம் எங்கே தொடங்குகிறது என்ற கேள்வி அன்றைக்குத்தான் எனக்குள் புகுந்தது.

எண்பதுகளின் தொடக்கம் அது. கிளை நூலகம் ஒரு வாடகை ஓட்டு வீட்டில் இருந்தது. வெள்ளிக்கிழமை பூட்டியிருக்கும் என்பதால் வியாழன் மாலையே எடுத்துவிட வேண்டும். அலமாரி போதாமல் எல்லாம் கலந்து கிடந்தன. சங்கர்லால் துப்பறியும் தமிழ்வாணன் நாவலுக்குப் பக்கத்தில் வாழை சாகுபடி, அதன் தோளில் சாய்ந்தபடி உ.வே.சா.வின் ‘என் சரித்திரம்’, அதற்குமேல் அம்புலிமாமா கட்டு. ஒழுங்காக அடுக்கிய நூலகங்களைப் பின்னாளில் நிறையப் பார்த்திருக்கிறேன். ஆனால், தேடிப் போகாத புத்தகம் தானாக வந்து கையில் விழுவதற்கு அந்தக் குழப்பம்தான் வசதி என்று இன்றும் நினைக்கிறேன். கீழ்த்தட்டு முழுக்கக் கலைக்களஞ்சியம், பெரியசாமித் தூரனைப் பதிப்பாசிரியராகக் கொண்டு 1954 முதல் வெளிவந்தது. அதைத் தூக்க எனக்கு இரண்டு கையும் வேண்டும். தரையில் சம்மணமிட்டு மடியில் விரித்துத்தான் படிப்பேன். அந்தக் களஞ்சியத்தை வெளியிட்ட தமிழ் வளர்ச்சிக் கழகத்தை நிறுவிய அவினாசிலிங்கம் செட்டியார்தான், கல்வி அமைச்சராக இருந்து 1948இல் பொது நூலகச் சட்டத்தைக் கொண்டுவந்தவர். என் மடியில் இருந்த புத்தகம், நான் உட்கார்ந்திருந்த நூலகம் இரண்டிலும் அவர் கை இருந்தது என்பது வெகுநாள் கழித்துத் தெரிந்தபோது, நேரில் போய்க் கும்பிட வேண்டும்போல் இருந்தது.

பஸ் ஸ்டாண்டுக்கு அருகே அவ்வப்போது நியூ செஞ்சுரி புக் ஹவுஸ் வேன் வந்து நிற்கும். கெட்டி அட்டை, வழவழத் தாள், நம்ப முடியாத குறைந்த விலை, பிரித்தால் மூக்கில் ஏறும் ஒரு தனி மணம். திருவிழாக் காசில் அங்கே வாங்கியது யாகவ் பெரல்மான் எழுதிய ‘பொழுதுபோக்கு பௌதிகம்’. அதில் அவர் ஹெச்.ஜி. வெல்ஸின் கண்ணுக்குத் தெரியாத மனிதனை எடுத்துக்கொண்டு ஒரு கேள்வி கேட்கிறார்: உடம்பு முழுக்க ஒளி ஊடுருவிப் போய்விடுமானால் விழித்திரையில் மட்டும் எப்படித் தங்கும்? ஒளி தங்காத கண்ணில் பிம்பம் விழாது. ஆகவே யாருக்கும் தெரியாத மனிதனுக்கு யாரையும் தெரியாது, அவன் குருடன்.

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. முத்து காமிக்ஸில் இரும்புக்கை மாயாவி மின்சாரத்தில் கை வைத்து மறைகிறாரே, இரும்புக் கை மட்டும் அந்தரத்தில் மிதந்துபோய் எதிரியின் துப்பாக்கியைப் பிடுங்குகிறதே, அவருக்கு எதிரி நிற்கும் இடம் எப்படித் தெரிந்தது? மறுநாள் பள்ளிக்கூடத்தில் இதைச் சொல்லி ஒரு வகுப்பையே சண்டைக்கு இழுத்தேன். ஆனாலும் மாயாவி மேல் ஆசை துளியும் குறையவில்லை. ஒரு கதையை நம்பிக்கொண்டே கேள்வியும் கேட்கலாம் என்பது எவ்வளவு பெரிய சுதந்திரம்! பெரல்மான் 1942இல், லெனின்கிராட் முற்றுகையின் பசிப்பஞ்சத்தில் இறந்தவர் என்று படித்த நாளில் வீட்டு மனிதர் ஒருவரை இழந்ததுபோல் இருந்தது.

ஆதித்த கரிகாலனைப் பற்றி நான் நச்சரித்துக்கொண்டே இருந்ததால் நூலகர் ஒருநாள், “தம்பி, இதைப் படிச்சுப் பாரு. கஷ்டமா இருந்தா வச்சிடு” என்று ‘பிற்காலச் சோழர் சரித்திரம்’ எடுத்துத் தந்தார். எழுதியவர் தி.வை. சதாசிவ பண்டாரத்தார், சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் இருந்தவர். அவர் பிறந்த ஊர் திருப்புறம்பியம் என்று தெரிந்ததும் எனக்குச் சிலிர்த்தது. நாவலில் ரவிதாசன் ஆந்தைபோல் கத்தி ஆட்களைக் கூட்டுகிற பள்ளிப்படைக் காடு அந்தத் திருப்புறம்பியம்தானே!

பாதி புரியவில்லை. ஆனால் ஓரிடத்தில் உடையார்குடி என்ற பெயர் வந்தது. எங்கள் வீட்டிலிருந்து நடந்துபோகிற தூரம். அங்கே அனந்தீசுவரர் கோயில் சுவரில், ராஜராஜன் பட்டத்துக்கு வந்த இரண்டாம் ஆண்டில் வெட்டிய கல்வெட்டு இருக்கிறது. கரிகாலனைக் கொன்ற துரோகிகளின் நிலங்களைப் பறிமுதல் செய்த செய்தி அதில் இருக்கிறது. சோமன், ரவிதாசன், பரமேசுவரன் என்று பெயர்கள் இருக்கின்றன. ரவிதாசன்! நான் பயந்து போர்வைக்குள் சுருண்ட அதே ரவிதாசன்.

ஓடினேன். குருக்கள் சுவரைக் காட்டினார். எண்ணெய்ப் பிசுக்கும் சுண்ணாம்புப் பூச்சும் படிந்த கல்லில் கொக்கிகொக்கியாக எழுத்து. விரலை வைத்துத் தடவிப் பார்த்தேன்; இடையிடையே கிரந்தம், ஒன்றும் பிடிபடவில்லை. பெண் கொடுத்த மாமன்கள், பெண் எடுத்த மருமகன்கள் வரை சொத்து போயிற்று என்பதைப் புத்தகத்தில் படித்துவிட்டு வந்திருந்ததால், அந்தக் கல்லுக்குள் ஒரு தெருவே அழுதுகொண்டிருப்பதுபோல் பட்டது. கல்கி எழுதாத கதை அது.

கொலைக்குப் பின்னால் யார் என்பதில் கல்கி நம்மைச் சந்தேகத்திலேயே விட்டுவிடுகிறார். வரலாற்றாசிரியர் நீலகண்ட சாஸ்திரியார் உத்தம சோழனைச் சந்தேகித்தார். பண்டாரத்தார் அதை ஏற்காமல் வாதாடுகிறார். கல்வெட்டோ பெயர்களைச் சொல்லி, காரணத்தைச் சொல்லாமல் நிறுத்திக்கொள்கிறது.

“சார், சாஸ்திரியார் என்ன சொல்லியிருக்காருன்னு முழுசாப் படிக்கணும்” என்றேன்.

“அது இங்கிலீஷ்ல இருக்குப்பா. நம்மகிட்ட இல்ல, சிதம்பரம் போகணும். இப்பப் போனாலும் உனக்குப் படிக்க வராதே.”

அதுவரை வேண்டாவெறுப்பாகப் புரட்டிய ஆங்கிலப் பாடப் புத்தகத்தை அன்று மாலை நானாகவே எடுத்து, முதல் பாடத்திலிருந்து வாய்விட்டுப் படிக்கத் தொடங்கினேன்.