இடது பின்சக்கரம்

ஜனவரி 20, 2024, சனி

களக்காட்டில் வாழை இலை ஏற்றிக்கொண்டு திரும்பினோம். கூட மச்சினன். நாங்குநேரி தாண்டி நாலுவழிச் சாலையில் வேகம் பிடித்ததும் கேட்டான்: "அத்தான், இந்த வண்டி எப்பவும் இப்படித்தான் மொனங்குமா?"

எனக்கு ஒன்றும் கேட்கவில்லை. அவன் சொன்ன பிறகு கேட்டது. பிறகு பாளையங்கோட்டை வரும்வரை அது ஒன்றுதான் கேட்டது. பக்கத்து வீட்டில் மாவு கிரைண்டர் ஓடினால் சுவர் வழியாக வருமே, அந்த மாதிரி ஒரே சுருதி. 40-இல் ஆரம்பித்து 60-இல் நெஞ்சுக்கூட்டில் அதிர்கிறது. ஒரே நாளில் வந்திருந்தால் மிரண்டுபோய் வண்டியை ஓரங்கட்டியிருப்பேன். கொஞ்சம் கொஞ்சமாக ஏறியதால் காது அதை வண்டியோடு சேர்த்துக் கணக்கு எழுதிவிட்டது.

வண்டி ஆம்னி. 1984-இல் மாருதி வெறும் 'வேன்' என்று இறக்கி, 1988-இல் ஆம்னி என்று பெயர் வைத்து, 2019-இல் நிறுத்தியது. 796 சிசி எஞ்சின் சீட்டுக்கு அடியில், தள்ளுவது பின்சக்கரம், பின்னால் லீஃப் ஸ்பிரிங். சினிமாக்காரர்களுக்கு ஆள் கடத்த, எனக்கு இலை கடத்த. தை மாசம், கல்யாண வீடுகள் வரிசையாக இருக்கின்றன. இப்போது போய் மொனங்குகிறது.

ஜனவரி 21, ஞாயிறு

ராத்திரி பத்து மணிக்கு மேல் காலி வண்டியை நாலுவழிச் சாலைக்கு எடுத்துப் போனேன். 60 வந்ததும் கிளட்சை மிதித்து நியூட்ரலுக்குத் தள்ளி, எஞ்சினை அடங்க விட்டேன். மொனங்கல் அப்படியே இருந்தது. வண்டி மெதுவாக ஆக ஆகத்தான் அதுவும் இறங்கியது. எஞ்சின் மேல் பழி இல்லை. சக்கரத்தோடு சுற்றுகிற ஏதோ ஒன்று.

டயராக இருந்தால் ரோடு மாறும்போது சத்தமும் மாற வேண்டும். டோல்கேட் பக்கத்து சிமெண்ட் தளத்தில் கவனித்தேன். அங்கே மெதுவாகப் போகவேண்டி இருந்ததால் அந்தச் சோதனை அரைகுறைதான்.

பிறகு முன்னும் பின்னும் வண்டி இல்லாத நேரம் பார்த்து 50-இல் ஸ்டியரிங்கை இலேசாக வலமும் இடமுமாக ஆட்டினேன். வலப்பக்கம் ஒடித்தால் வண்டியின் கனம் இடப்பக்கச் சக்கரங்களில் சாயும். அப்போது சத்தம் உரத்தது. இடப்பக்கம் ஒடித்தால் ஏறத்தாழ அடங்கியது. சத்தம் வருவது என் காலுக்குக் கீழிருந்து. ஆகவே இடது முன்சக்கர பேரிங். துப்பறிந்துவிட்ட பெருமையோடு தூங்கப் போகிறேன்.

ஜனவரி 22, திங்கள்

டயர் கடையில் என் துப்பறிதலை யாரும் மதிக்கவில்லை. "டயர் ரம்பப் பல்லு மாதிரி தேஞ்சிருக்கு, அதான் சத்தம்" என்று முன்னதைப் பின்னாலும் பின்னதை முன்னாலும் மாற்றிப் போட்டார்கள். புதுசாக இரண்டு வாங்கச் சொன்னார்கள். வாங்கவில்லை. டயர்தான் காரணம் என்றால் டயரோடு சத்தமும் இடம் மாறியிருக்க வேண்டும். அது இருந்த இடத்திலேயே இருக்கிறது.

ஜனவரி 24, புதன்

அண்ணாச்சி பட்டறைக்கு இன்றுதான் போக முடிந்தது. இடது முன்சக்கர பேரிங் என்று நானே சொன்னேன். சரி என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. முன்பக்கம் ஜாக்கி போட்டுக் கட்டை கொடுத்தார். டயரின் உச்சியில் ஒரு கை, அடியில் ஒரு கை வைத்து உள்ளே தள்ளி வெளியே இழுத்தார். 'டக்' என்று மெல்லிய ஆட்டம். நான் தலையாட்டினேன்.

"அவசரப்படாதீய தம்பி" என்றவர், பையனை ஏற்றி பிரேக்கை மிதிக்கச் சொல்லி மறுபடி ஆட்டினார். ஆட்டம் போகவில்லை. பிரேக் மிதித்தால் டிஸ்க்கும் நக்கிளும் ஒன்றாகப் பூட்டிக்கொள்ளும். ஆட்டம் பேரிங்கில் இருந்தால் அப்போது மறைந்துவிட வேண்டும். மறையாவிட்டால் அது அதற்கும் உள்ளே, பால் ஜாயிண்ட் பக்கம். "இது வேற கணக்கு. தீபாவளிக்குள்ள பாத்துக்கிடலாம்" என்று முன்பக்கத்தை இறக்கிவிட்டார். இறக்கும் முன் சக்கரத்தைச் சுற்றிவிட்டுப் பார்த்தபோது முன்பக்கம் இரண்டும் பூப்போல ஓடின.

பின்பக்கம் ஏற்றியதும் அவர் முதலில் பார்த்தது சக்கரத்தை அல்ல, டயரின் உட்புறத்தை. ஒரு கறுத்த ஈரக் கோடு, அதில் புழுதி அப்பியிருந்தது. விரலால் தொட்டு முகர்ந்தார். என் மூக்கருகேயும் நீட்டினார். கெட்டியான எண்ணெய், கந்தக வாடை. "பிரேக் ஆயில் தண்ணி மாதிரி இருக்கும். இது டிஃப்ரன்ஷியல் ஆயில். பிரேக் மிதிச்சா வண்டி வலத்த இழுக்குமே?"

இழுத்தது. ரோடு சரிவு என்று நினைத்துக்கொண்டிருந்தேன். இடது பின்பக்க பிரேக்கில் எண்ணெய் இறங்கி அது பிடிக்காமல் இருந்திருக்கிறது.

பிறகு நீள ஸ்க்ரூடிரைவரின் முனையை ஆக்சில் ஹவுசிங்கின் வெளிக்கோடியில் ஊன்றி, கைப்பிடியைக் காது ஓரத்து எலும்பில் அழுத்திக்கொண்டு, பையனைச் சக்கரத்தைக் கையால் சுற்றச் சொன்னார். என்னிடமும் கொடுத்தார். வலப்பக்கம்: ஒன்றுமில்லை, பட்டுத்துணி இழுக்கிற மாதிரி. இடப்பக்கம்: அரிசியில் கிடக்கிற கல்லை முறத்தில் புடைக்கிற மாதிரி. ஒரே சீரான இடைவெளியில் கர், கர், கர்.

ஆம்னியின் அடித்தகடு ஒரு முரசு. பின்னால் அடித்தால் முன்னால் கேட்கும். பக்கத்தைச் சரியாகச் சொன்னேன், முனையைத் தப்பாகச் சொன்னேன். அண்ணாச்சியிடம் சொல்லாமலே முன்பேரிங் வாங்கியிருந்தால் அந்தப் பணம் தண்டம். பாதி சரியான துப்புக்கு முழுக் காசு.

கிளம்பும்போது கேட்டார்: "வெள்ளத்துல வண்டிய விட்டியளோ?"

ஜனவரி 25, வியாழன், தைப்பூசம்

பட்டறை இல்லை. திருச்செந்தூர் சாலை முழுக்கப் பாதயாத்திரைக் கூட்டம். பச்சையும் காவியுமாக, காவடியும் வேலுமாக நடக்கிறார்கள். வண்டியை வெளியே எடுக்கவில்லை.

அண்ணாச்சி கேட்டது சரிதான், வெள்ளத்தில் விட்டேன். டிசம்பர் 17, ஞாயிறு. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் கொட்டிய மழை. ஸ்ரீவைகுண்டத்தில் திருச்செந்தூர் ரயில் 800 பேரோடு நின்றுபோன அதே ராத்திரி. கருங்குளத்துக்கு அந்தப் பக்கம் ஒரு தோட்டத்தில் இலை அறுத்து வைத்திருந்தார்கள். மழை விட்டுவிடும் என்று போனேன். செய்துங்கநல்லூர் தாண்டியதும் ரோடு எது, வயல் எது என்று தெரியவில்லை. சக்கரத்தின் நடுக்குமிழ் முங்கும் அளவு தண்ணீரில் ஓட்டிப் போய், அதே தண்ணீரில் திரும்பி வந்தேன். இலை கிடைக்கவில்லை. பிறகு பல நாள் அந்தப் பக்கம் இலையே இல்லை, வாழையே இல்லை. அதனால்தான் இப்போது களக்காட்டுக்கு ஓடுகிறேன்.

அண்ணாச்சி நேற்று சொன்ன கணக்கு இது. ஓடி வந்த வண்டியின் ஆக்சில் சூடாக இருக்கும். உள்ளே இருக்கிற காற்றும் சூடாக, விரிந்து இருக்கும். அதைக் குளிர்ந்த தண்ணீரில் இறக்கினால் காற்று சட்டென்று சுருங்கும். சுருங்கிய இடத்தை நிரப்ப, மூச்சுவிடும் துவாரம் வழியாகவும் சீலின் உதடு வழியாகவும் தண்ணீரை உறிஞ்சும். தட்டுத் தண்ணீரில் கவிழ்த்த சூடான டம்ளர் தண்ணீரை இழுக்கிற மாதிரி. அதாவது தண்ணீர் தானாக நுழையவில்லை, வண்டி அதைக் குடித்திருக்கிறது.

ஜனவரி 26, வெள்ளி

குடியரசு தினம். ஸ்பேர்ஸ் கடை அடைப்பு. இலைக்கு லோடு ஆட்டோ வாடகை 1,200.

ஜனவரி 27, சனி

காலை ஒன்பது மணிக்கு ஆரம்பித்து சாயங்காலம் ஐந்து. வரிசையாக எழுதிவைக்கிறேன், அடுத்த தடவை யாராவது 'முன்பேரிங்' என்று சொன்னால் எடுத்துக் காட்டலாம்.

முதலில் டிஃப்ரன்ஷியல் ஆயிலை இறக்கினார். தேன் நிறத்தில் வர வேண்டியது, திக்காகப் போட்ட பால் காபி நிறத்தில் வந்தது. டிசம்பர் 17-ஆம் தேதித் தண்ணீர். தாமிரபரணி நாற்பது நாளாக என் ஆக்சிலுக்குள் சுற்றிக்கொண்டிருந்திருக்கிறது.

டிரம் பிடித்துக்கொண்டது. சுத்தியலால் அடிக்கவில்லை. டிரம்மின் முகத்தில் இரண்டு துளைகள் மரையோடு இருக்கின்றன. இத்தனை வருஷம் அவை எதற்கென்று எனக்குத் தெரியாது. அதில் இரண்டு 8 எம்எம் போல்ட்டைக் கொடுத்து, இந்தப் பக்கம் கால் சுற்று, அந்தப் பக்கம் கால் சுற்று என்று முடுக்கினால் டிரம் தானாகக் கழன்று வருகிறது. உள்ளே பிரேக் ஷூ இரண்டும் எண்ணெயில் ஊறிக் கறுத்திருந்தன. பெட்ரோலில் கழுவிப் போடலாமா என்றேன். "கழுவினா இன்னைக்குப் பிடிக்கும். சூடேறினா உள்ள குடிச்சத திரும்பக் கக்கும்" என்று தூக்கி எறிந்தார். அதற்கும் காசு.

பிரேக் பைப்பையும் ஹேண்ட்பிரேக் கேபிளையும் கழற்றி, பின்தகட்டின் நாலு நட்டையும் எடுத்த பிறகும் ஷாஃப்ட் வரவில்லை. அதை இழுப்பதற்கென்றே ஒரு சுத்தியல் கருவி உண்டாம். இங்கே அதற்குப் பதில் ஒரு பழைய டிரம். அதைத் திருப்பி வீல் போல்ட்டில் மாட்டி, நட்டுகளைத் தளர்வாக நுனியில் நிறுத்தி, இரண்டு கையாலும் பிடித்து வெளிப்பக்கமாக வெடுக் வெடுக்கென்று இழுத்தார். நாலாவது இழுப்பில் ஷாஃப்ட், தகடு, பேரிங் எல்லாம் ஒன்றாக வந்து அவர் மடியில் விழுந்தன.

பேரிங்கை ஷாஃப்ட்டில் நிறுத்தி வைப்பது ஓர் இரும்பு வளையம். மரை இல்லை, பூட்டு இல்லை, வெறும் இறுக்கம். லேத் பட்டறையில் அதை கிரைண்டரால் இரண்டு இடத்தில் காகிதம் போல மெலியும்வரை தேய்த்து, உளியை வைத்து ஒரே அடி. பிளந்தது. கிரைண்டர் ஒரு நூல் ஆழம் கூடப் போனால் ஷாஃப்ட்டில் கீறல் விழும், ஷாஃப்ட்டே வீண். லேத்காரர் அதைச் செய்த இரண்டு நிமிஷமும் யாரும் பேசவில்லை.

பேரிங் வாங்கியதில் ஒரு வேடிக்கை. கடைக்காரர் இரண்டு டப்பாக்களை வைத்தார். ஒன்று மற்றதில் பாதி விலை. பாதி விலை பேரிங்கை விரலில் மாட்டிச் சுண்டினேன், சர்ர்ரென்று ஓடியது. விலை கூடியதைச் சுண்டினேன், மந்தமாக நின்றது. நான் முதலாவதுக்குத் தலையசைக்க, அண்ணாச்சி சிரித்தார். நல்ல கிரீஸ் நிறைந்த புது பேரிங் மந்தமாகத்தான் சுற்றுமாம். விசிறி மாதிரி ஓடினால் உள்ளே காய்ந்து கிடக்கிறது என்று அர்த்தம். எண் படிக்கவும் கற்றுக்கொடுத்தார். 62 என்று தொடங்கும் நாலு இலக்க எண்ணில் கடைசி இரண்டு 04-க்கு மேல் இருந்தால் 5-ஆல் பெருக்கு, உள்துளை எத்தனை மில்லிமீட்டர் என்று வந்துவிடும்: 06 என்றால் 30, 07 என்றால் 35. பேரிங், வளையம், ஆயில் சீல் மூன்றையும் சேர்த்தே மாற்ற வேண்டும்.

ஏற்றும்போது லேத் பையன் அவசரத்தில் பேரிங்கின் வெளிவளையத்தில் சுத்தியலை ஓங்கிவிட்டான். அண்ணாச்சி போட்ட சத்தத்தில் தெரு நாய் எழுந்து ஓடியது. உள்வளையம்தான் ஷாஃப்ட்டைப் பிடிக்கிறது. வெளிவளையத்தை அடித்தால் அந்த அடி குண்டுகள் வழியாகத்தான் உள்ளே போகும். ஒவ்வொரு குண்டும் தன் பாதையில் கண்ணுக்குத் தெரியாத ஒரு குழி விழவைக்கும். புது பேரிங் முதல் நாளே மொனங்கும். உள்வளையத்துக்குச் சரியான குழாயை வைத்து பிரஸ்ஸில் இறக்கினார்கள். அதன் பின்னாலேயே புது வளையம்.

பழைய பேரிங்கைச் சாக்கால் போர்த்தி உடைத்துக் காட்டச் சொன்னேன். கிரீஸ் என்று ஒன்றும் இல்லை, மோர்க்குழம்பு மாதிரி ஏதோ. மண்ணெண்ணெயில் கழுவியதும் வெளிவளையத்தின் பாதை தெரிந்தது. அடிப்பக்கத்தில் துருப் புள்ளிகள், கோலப் புள்ளி வைத்தது போல ஒரே இடைவெளியில் நான்கு. குண்டுக்கும் குண்டுக்கும் உள்ள அதே இடைவெளி. மற்ற இடமெல்லாம் பளபளப்பாக இருந்தது.

"வெள்ளத்துக்குப் பெறவு வண்டி நின்னுச்சோ?"

நின்றது. இலை இல்லை, ஓட்டம் இல்லை. பன்னிரண்டு நாள் வீட்டு வாசலில் நின்றது. கழுவிக்கூட விட்டேன், பாடியை மட்டும்.

"தண்ணியில ஓடுனதுல இது கெடல தம்பி. பெறவு நின்னுதுல்லா, அதுல கெட்டது. குண்டு எந்த எடத்துல ஒக்காந்துதோ அந்த எடத்துல தண்ணியும் ஒக்காந்துட்டு. மறுநா கழட்டிப் பாத்து ஆயிலும் சீலும் மாத்தியிருந்தா பேரிங் தப்பிச்சிருக்கும்."

வலது பக்கத்தையும் மாற்றிவிடலாமா என்று நான் கேட்டேன். சத்தமில்லாத பேரிங்கைக் கழற்றினால் வளையத்தை உடைக்க வேண்டும், அப்புறம் பேரிங்கும் புதுசு போட வேண்டும். சீல் கசியவில்லை, விடுங்கள் என்றார். எனக்கு முழுச் சம்மதமில்லை. அந்தப் பக்கமும் அதே தண்ணீரைத்தான் குடித்தது. ஆனால் பையில் காசு இல்லாததால் அவர் சொன்னதை ஒப்புக்கொண்டேன். புது ஆயில் ஊற்றி, மூச்சுத் துவாரத்தைச் சுத்தம் செய்து, பிரேக்கில் காற்று எடுத்து, மொத்தம் 4,650. ஒரு மாசம் கழித்து வலப்பக்கம் பார்க்கச் சொல்லி காலண்டரில் வட்டம் போட்டிருக்கிறேன்.

ஜனவரி 29, திங்கள்

விடியற்காலை நாலு மணிக்குக் களக்காடு. நுனி இலைக்கட்டு பின்னால் நிறைய. திரும்பி வரும்போது 60-இல் நியூட்ரலுக்குத் தள்ளிப் பார்த்தேன். காற்றுச் சத்தம், டயர்ச் சத்தம், கதவுக் கண்ணாடி கிடுகிடு. பிரேக் நேராகப் பிடிக்கிறது. மச்சினன் ஒன்றும் கேட்கவில்லை, தூங்கிக்கொண்டு வந்தான்.

நாங்குநேரியில் டீக்கு நிறுத்தினேன். ஓடிவந்த சூடு ஆறும் முன் பார்க்கச் சொல்லியிருந்தார். குனிந்து இடது பின்சக்கரத்தின் நடுவில் புறங்கையை வைத்தேன். வெதுவெதுப்பு. அந்தப் பக்கம் போய் வலது பக்கத்திலும் வைத்தேன். அதே வெதுவெதுப்பு. நம்பிக்கை இல்லாமல் மறுபடி இந்தப் பக்கம் வந்து வைத்தேன்.

டீ ஆற்றிக்கொண்டிருந்தவர் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டுக் கேட்டார்: "என்ன அண்ணாச்சி, சக்கரத்தத் தொட்டுத் தொட்டுக் கும்பிடுதிய?"