மெட்ராஸ் டெரஸ் இன்னும் எத்தனை வருஷம் தாங்கும்?

ஐப்பசி பிறப்பதற்குள் மாடித் தளத்தை ஒருமுறை பார்த்துவிடுங்கள் என்று ஒவ்வொரு வருஷமும் நண்பர்களிடம் சொல்லிக்கொண்டிருப்பேன். இந்த வருஷம் எழுதியே வைக்கிறேன். புதுச்சேரியில் பழைய வீடு வைத்திருக்கும் நம் வயதுக்காரர்கள் எல்லோருக்கும் இருக்கிற கேள்விதான்: இந்தத் தளத்தை இன்னும் கொஞ்ச காலம் ஓட்டலாமா, இல்லை இடித்துவிட வேண்டியதுதானா?

நாம் மெட்ராஸ் டெரஸ் என்கிறோம். எங்கள் பள்ளிக்கூடத்துப் பிரெஞ்சில் இதற்கு 'அர்கமாஸ்' என்று பெயர். சாந்து, காரை என்று பொருள்படும் போர்த்துகீசியச் சொல்லிலிருந்து வந்தது. பெயரிலேயே விஷயம் இருக்கிறது. இந்தத் தளத்தின் உயிர் சுண்ணாம்பில்தான்.

சுவருக்குச் சுவர் தேக்குக் கட்டைகள் போட்டு, அதன்மேல் சின்னச் செங்கல்லை மூலைவாட்டாகக் குத்துக்கல்லாக வைத்துச் சுண்ணாம்புச் சாந்தில் கோர்ப்பார்கள். அதற்கு மேலே செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கலந்து கொட்டி, பெண்கள் வரிசையாக உட்கார்ந்து பாட்டுப் பாடிக்கொண்டே மரக்கட்டையால் அடித்து இறுக்குவார்கள். கடுக்காயும் வெல்லமும் ஊறிய தண்ணீரைத் தெளித்துக்கொண்டே இருப்பார்கள். கடைசியில் தட்டோடு பதித்து, தூம்பை நோக்கி வாட்டம் கொடுப்பார்கள்.

இப்படிக் கட்டிய தளம் வயதானதால் மட்டும் கெட்டுப்போவதில்லை. தண்ணீர் தேங்கினால் கெடும். உள்ளே போன ஈரம் வெளியே வர வழியில்லாவிட்டால் இன்னும் சீக்கிரம் கெடும்.

உறவினர் ஒருவர் வீட்டில் கூடம் ஒழுகியது. வந்த ஒப்பந்தக்காரர் தட்டோட்டின் மேலேயே 2 அங்குலம் சிமென்ட் கான்கிரீட் போட்டுக் கொடுத்தார். ஒழுக்கு நின்றது, எல்லோருக்கும் சந்தோஷம். ஏழாவது வருஷம் ஒரு மத்தியானம் கூடத்துக் கட்டை ஒன்று முறிந்து, செங்கல்லோடு ஊஞ்சல் மேலேயே விழுந்தது. தினமும் அதில் படுக்கிற பெரியம்மா அன்று பென்ஷன் விஷயமாகக் கருவூலத்துக்குப் போயிருந்தார். கட்டையை எடுத்துப் பார்த்தால் சுவருக்குள் இருந்த முனை ஈரமண் மாதிரி உதிர்ந்தது.

காரணம் எளிது. சுண்ணாம்பு ஈரத்தை வாங்கும், வெயிலில் திருப்பி விட்டுவிடும். சிமென்ட் அப்படி விடாது. அதில் விழும் மயிரிழை விரிசலில் மழைத்தண்ணீர் இறங்கும், மேலே திரும்ப முடியாமல் கட்டையைத் தேடிப் போகும். கனமும் சேர்ந்துகொள்கிறது. 100 சதுர அடிக்கு 2 அங்குலக் கான்கிரீட் என்றால் ஏறக்குறைய ஒரு டன். அதன் பக்கத்தில் 1000 லிட்டர் தண்ணீர்த் தொட்டியும் வைத்தால் இன்னொரு டன். தொட்டி வேண்டுமென்றால் சுவருக்கு நேர் மேலே வையுங்கள், கட்டைகளின் நடுவில் வேண்டாம்.

எங்கள் வீட்டில் என்ன செய்கிறோம் என்று சொல்கிறேன். ஆவணி, புரட்டாசியில் தூம்புகளைச் சுத்தம் செய்கிறோம். ஒரு குடம் தண்ணீர் ஊற்றி எங்கே தேங்குகிறது என்று பார்க்கிறோம். கைப்பிடிச் சுவர் ஓரத்தில் முளைக்கும் அரசஞ்செடியை வெட்டிவிட்டால் போதாது, மறுபடி துளிர்க்கும். அந்த இடத்துத் தட்டோட்டைப் பெயர்த்து வேரோடு எடுக்கவேண்டும். தட்டிப் பார்த்துப் 'பொத் பொத்' என்று கேட்கிற ஓடுகளை மட்டும் எடுத்துவிட்டுப் புது ஓடு பதித்து, சுண்ணாம்பும் செங்கல் தூளும் கலந்த சாந்தால் இடுக்கை அடைக்கிறோம்.

அடுத்தது கீழே இருந்து பார்ப்பது. செங்கல்லில் உப்புப் பூத்திருந்தால் மேலே எங்கோ தண்ணீர் இறங்குகிறது. கட்டை சுவருக்குள் நுழையும் இடத்தில் திருப்புளியால் குத்திப் பாருங்கள். எளிதாக உள்ளே இறங்கினால் ஆசாரியைக் கூப்பிடவேண்டும். முனை மட்டும் கெட்டிருந்தால் இரண்டு பக்கமும் இரும்புச் சட்டம் கொடுத்துப் போல்ட் போடலாம். பல கட்டைகள் நடுவிலேயே வளைந்துவிட்டால், பாசம் பார்க்காமல் அறையைக் காலி செய்துவிட்டுப் பொறியாளரிடம் கேட்பதே நல்லது. நம் வயதில் மேலே ஏறுவதும் வேண்டாம். கொத்தனாரை ஏறச் சொல்லி, தட்டுகிற சத்தத்தைக் கீழே நின்று கேட்டாலே பாதி தெரிந்துவிடும்.

2014 நவம்பர் 29 அன்று மழையில் கடற்கரை மேரி கட்டடம் இடிந்து விழுந்ததை நாம் எல்லோரும் பார்த்தோம். பிறகு அதே தோற்றத்தில் புதிதாகக் கட்டினார்கள். நம் வீடு விழுந்தால் அப்படிக் கட்டித்தர யாரும் வரப்போவதில்லை. பிள்ளைகள் பிரான்சிலிருந்து, "எதுக்குப்பா இந்தச் செலவு, ப்ளாட் கட்ட விட்டுடலாமே" என்கிறார்கள். அவர்கள் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் வருஷத்துக்கு இரண்டு நாள் கொத்தனார் கூலியும் ஒரு மூட்டைச் சுண்ணாம்பும்தான் செலவு என்று கணக்கு எழுதிக் காட்டியபிறகு கொஞ்சம் அடங்கியிருக்கிறார்கள்.

சுண்ணாம்பு வேலை தெரிந்த கொத்தனார்கள் குறைந்துகொண்டே வருகிறார்கள். உங்கள் தெருவில் ஒருவர் இருந்தால், கார்த்திகை வரை காத்திருக்காமல் இந்த மாதமே கூப்பிட்டுவிடுங்கள்.