ஒகேனக்கல் அடுப்படியில் ஒரு பாடம்

தருமபுரியிலிருந்து பென்னாகரம் வழியாக ஒகேனக்கல் 46 கிலோமீட்டர். பென்னாகரம் வரை சாலையின் இரண்டு பக்கமும் பெரும்பாலும் மானாவாரி நிலம். ஆடி, ஆவணி மழைக்கு விதைத்த கேழ்வரகு கார்த்திகையில் கதிர் முற்றி நிற்கும். ஊடுபயிராக அவரை, துவரை இருக்கும். சாலையோரம் புளியமரங்கள். பென்னாகரம் தாண்டிக் கொஞ்ச தூரத்தில் காடும் மலை வளைவுகளும் தொடங்கிவிடும். இறக்கம் முடியும் இடத்தில் காவிரி.

கன்னடத்தில் 'ஹொகே' என்றால் புகை. 'கல்' என்றால் பாறை. அருவி விழும் வேகத்தில் எழும் நீர்த்திவலை, பாறையிலிருந்து புகை கிளம்புவது போலத் தெரிவதால் இந்தப் பெயர். இங்கே வருகிறவர்கள் எண்ணெய்க் குளியல், அருவிக் குளியல், பரிசல் சவாரி மூன்றையும் முடித்துக்கொண்டு, மீன்குழம்புச் சோறு சாப்பிட்டுவிட்டுக் கிளம்புவார்கள். சாப்பாட்டை மட்டும் பலர் அவசரமாக முடித்துக்கொள்கிறார்கள். அந்த அடுப்புக்குப் பக்கத்தில் ஒரு மணி நேரம் உட்கார்ந்து கவனித்தால் ஒரு சமையல் கைவரும். சிறு விவசாயக் குடும்பத்துக்குப் பயன்படும் ஒரு வருமான யோசனையும் கிடைக்கும்.

மீனை வாங்கிக் கொடுத்தால் போதும்

ஒகேனக்கல்லில் பல காலமாக ஒரு வழக்கம் உண்டு. சுற்றுலா வருகிறவர்கள் மீனைத் தாங்களே பார்த்து வாங்குவார்கள். கட்லா, ரோகு, கெளுத்தி, வாளை, ஜிலேபி என்று அன்றைக்குக் கிடைத்தது கூடையில் இருக்கும். "அண்ணா, மீன் சமைக்கணுமா?" என்று கேட்டுக்கொண்டு சமையல்காரப் பெண்கள் வருவார்கள். கிலோவுக்கு இவ்வளவு என்று கூலி பேசிக்கொண்டால், அறுத்துக் கழுவி, மசாலா அரைத்து, குழம்பும் வறுவலும் செய்து, சோறு வடித்துக் கொடுப்பார்கள். குளித்துவிட்டு வருவதற்குள் சாப்பாடு தயாராக இருக்கும்.

இந்தப் பெண்களில் பலருடைய குடும்பத்துக்கு ஆறும் அடுப்பும்தான் வருமானம். குளிக்கப் போகாமல் அடுப்படியில் உட்கார்ந்து, "எப்படிக்கா செய்யறீங்க?" என்று கேட்டால் மறைக்காமல் சொல்வார்கள்.

குழம்பில் கவனிக்க வேண்டியவை

முதல் பாடம் மீன் வாங்குவது. செவுள் சிவப்பாக இருக்க வேண்டும். கண் தெளிந்து புடைத்திருக்க வேண்டும். விரலால் அழுத்தினால் சதை உடனே மேலே எழும்ப வேண்டும். குழி விழுந்து அப்படியே நின்றால் பழைய மீன்.

இரண்டாவது, கழுவுவது. கட்லா, ரோகுக்குச் செதில் சுரண்ட வேண்டும். கெளுத்திக்குச் செதில் கிடையாது, வழவழப்புத்தான் உண்டு. கல் உப்பு போட்டுத் தேய்த்தால் அது போய்விடும். ஆற்று மீனில் வரும் சேற்று வாடைக்கு உப்பும் மஞ்சளும் புளித்தண்ணீரும் போதும்.

மூன்றாவது, மசாலா. மல்லி, மிளகாய், சீரகம், மிளகு வறுத்து, சின்ன வெங்காயமும் பூண்டும் சேர்த்து அரைக்கிறார்கள். அளவு கைக்குக் கை மாறும். கடலை எண்ணெயில் வெந்தயமும் கறிவேப்பிலையும் தாளித்து, வெங்காயம், தக்காளி வதக்கி, மசாலாவும் புளிக்கரைசலும் ஊற்றிக் கொதிக்கவிடுகிறார்கள்.

நான்காவதுதான் முக்கியம். பச்சை வாசனை போய், எண்ணெய் மேலே பிரிந்து வந்த பிறகே மீனைப் போடுகிறார்கள். தலை முதலில், தடித்த துண்டுகள் அடுத்து, வால் கடைசியில். அதற்குப் பிறகு கரண்டிக்கு வேலை இல்லை. துணியால் சட்டியின் விளிம்பைப் பிடித்து ஒரு சுற்றுச் சுற்றுகிறார்கள். பத்து நிமிடத்துக்குள் இறக்கி மூடிவிடுகிறார்கள்.

இதற்குக் காரணம் உண்டு. ஆட்டுக்கறியில் உள்ளது போலச் சதையை இறுக்கிப் பிடிக்கும் நார்த்திசு மீனில் மிகக் குறைவு. அதனால் சில நிமிடத்தில் வெந்துவிடும், கிளறினால் உடைந்துவிடும். புளியில் உள்ள அமிலம் மீனின் புரதத்தைக் கொஞ்சம் இறுகச் செய்வதால் துண்டு சிதறாமல் நிற்கிறது. இந்தப் பெண்களுக்கு இதை யாரும் வகுப்பில் சொல்லித் தரவில்லை. கைப்பழக்கத்தில் வந்த அறிவு இது.

குழம்புக்கு ஜோடி களி

மீன்குழம்புக்குச் சோறு என்பது வெளியூர்க்காரர்களின் பழக்கம். தருமபுரிப் பக்கத்து வீடுகளில் மீன்குழம்போ கீரைக்கடைசலோ, ஜோடி கேழ்வரகுக் களிதான்.

ஒரு கிலோ மாவுக்கு இரண்டு முதல் இரண்டரை லிட்டர் தண்ணீர். முதலில் ஒரு கை அரிசி நொய்யை வேகவைத்து உப்புப் போட வேண்டும். பிறகு மாவை நடுவில் குவியலாகக் கொட்டி, கிளறாமல் மூடி, தீயைக் குறைக்க வேண்டும். ஆவி மாவுக்குள் ஏறி வந்த பிறகு, துடுப்பால் கட்டி இல்லாமல் அழுத்திக் கிளற வேண்டும். ஈரக்கையால் தொட்டால் ஒட்டக் கூடாது. அதுதான் வெந்ததற்கு அடையாளம். பிறகு கையை நனைத்துக்கொண்டு உருட்டலாம்.

அவசரப்பட்டு மாவைக் கொட்டிய உடனே கிளறுவதுதான் புதிதாகச் செய்கிறவர்களின் தவறு. உள்ளே பச்சை மாவுக் கட்டி நின்றுவிடும். இதைப் படித்துத் தெரிந்துகொள்வதைவிட, ஒருமுறை துடுப்பைக் கையில் பிடித்துப் பார்ப்பது மேல்.

100 கிராம் கேழ்வரகில் சுமார் 340 முதல் 360 மில்லிகிராம் வரை சுண்ணாம்புச் சத்து இருக்கிறது. அரிசியும் கோதுமையும் இதற்குப் பக்கத்தில்கூட வராது. இந்த மாவட்டத்திலும் நீலகிரியிலும் 2023இல் ரேஷன் கடைகளில் 2 கிலோ அரிசிக்குப் பதிலாக 2 கிலோ கேழ்வரகு கொடுக்கத் தொடங்கினார்கள். ஆனால் மாவு வீட்டுக்கு வந்தாலும், களி கிண்டத் தெரிந்த கை இல்லாவிட்டால் அது டப்பாவிலேயே கிடக்கும். இளம் தலைமுறையில் பலருக்கு இப்போது அந்தக் கைப்பழக்கம் இல்லை. ஒரு தானியம் வயலில் நிலைக்க வேண்டும் என்றால், முதலில் அடுப்படியில் நிலைக்க வேண்டும்.

வியட்நாமில் ஒரு கீரைக் கிராமம்

இப்போது கொஞ்சம் வெளிநாடு போய் வருவோம். வியட்நாமில் ஹோய் ஆன் என்ற பழைய துறைமுக ஊர் இருக்கிறது. 1999இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்த ஊர். அதற்குச் சில கிலோமீட்டர் தள்ளி ட்ரா குவே என்ற காய்கறிக் கிராமம். சிறுசிறு பாத்திகளில் கீரை, புதினா, துளசி வகைகள், வெங்காயத்தாள் பயிர் செய்கிறார்கள். பக்கத்து நீர்நிலையில் வளரும் பாசியை அள்ளிவந்து மண்ணில் புதைப்பது அவர்களுடைய பழைய உர முறை.

அங்கே வரும் பயணிகள் முதலில் தோட்டத்தில் இறங்குகிறார்கள். பாசியைப் புதைத்து, காவடி போலத் தோளில் தொங்கும் இரண்டு பூவாளியால் தண்ணீர் ஊற்றி, கீரை பறிக்கிறார்கள். பிறகு பறித்ததை வைத்தே சமையல் வகுப்பு. அரிசி மாவும் மஞ்சளும் கலந்து, இறால் போட்டுச் சுடும் 'பான் செயோ' அங்கே சொல்லித் தரும் பலகாரங்களில் ஒன்று. மாவு கல்லில் விழும்போது வரும் சத்தத்தால் அந்தப் பெயர். நம் வீட்டுத் தோசை 'சொய்' என்று சொல்வதும் அதே சத்தம்தான். வகுப்புக்குக் கட்டணம் உண்டு. கீரை விற்று வரும் காசோடு, கீரையைச் சமைக்கச் சொல்லிக் கொடுத்தும் காசு வருகிறது. ஐக்கிய நாடுகளின் சுற்றுலா அமைப்பு 2024இல் தேர்ந்தெடுத்த சிறந்த சுற்றுலாக் கிராமங்களில் ட்ரா குவேயும் ஒன்று.

ஒகேனக்கல்லில் சமையல் இருக்கிறது, பக்கத்தில் வயல் இருக்கிறது, ஆளும் வருகிறார்கள். சமைத்துக் கொடுப்பதற்குக் கூலி உண்டு. சொல்லிக் கொடுப்பதற்குத்தான் இன்னும் கூலி இல்லை.

அருவி இல்லாத நாளிலும் அடுப்பு எரிய

காவிரியில் வெள்ளம் வந்தால் ஒகேனக்கல்லில் குளிக்கவும் பரிசல் ஓட்டவும் தடை வந்துவிடும். 2018, 2022, 2024ஆம் ஆண்டுகளில் வினாடிக்கு 1 லட்சம் கன அடிக்கு மேல் தண்ணீர் வந்தது. அந்த நாட்களில் பரிசல்காரர், மீன் விற்கிறவர், சமைக்கிற பெண்கள் எல்லாருக்கும் ஒரே நேரத்தில் வருமானம் நின்றுபோகும்.

சமையல் சொல்லிக் கொடுக்க அருவி தேவையில்லை. பென்னாகரம், பாப்பாரப்பட்டிப் பக்கம் ஒரு விவசாயி வீட்டுக் களத்துமேடு போதும். காலையில் கேழ்வரகு வயலையும் அவரைக் கொடியையும் காட்டி, திரிகையில் ஒரு படி அரைக்க வைத்து, களி கிண்டச் சொல்லிக் கொடுத்து, மதியம் சாப்பாடு போடலாம். சித்தேரி மலைப் பக்கத்தில் சாமை விளைவிப்பவர்கள் சாமைச் சோறு வடிக்கும் பக்குவத்தைச் சொல்லித் தரலாம்.

கணக்கையும் பார்ப்போம். 2025–26க்கு மத்திய அரசு அறிவித்த கேழ்வரகு ஆதரவு விலை குவிண்டாலுக்கு 4,886 ரூபாய். அதாவது கிலோ 49 ரூபாய்க்கும் கொஞ்சம் குறைவு. ஒரு கிலோ மாவில் ஏறக்குறைய 10 உருண்டை களி வரும். உங்கள் ஊர் ஓட்டலில் ஒரு உருண்டை என்ன விலை என்று விசாரித்து, பத்தால் பெருக்கிப் பாருங்கள். விறகு, குழம்புச் செலவு, உழைப்பு போகவும் வித்தியாசம் தெரியும்.

இது எல்லாருக்கும் ஒத்துவராது. வருகிறவர்களுக்குச் சுத்தமான கழிப்பறையும் நல்ல குடிநீரும் இல்லாத வீட்டில் தொடங்கக் கூடாது. வீட்டில் சமைக்கிற பெண்களின் சம்மதமும் பங்கும் இல்லாமல் தொடங்கவே கூடாது. உழைப்பு அவர்களுடையது, காசும் அவர்கள் கைக்கு வர வேண்டும். மாதம் ஒரு குடும்பம் என்று மகளிர் குழுவாகச் சேர்ந்து தொடங்கினால் நஷ்டம் வராது.

வழக்கமாக எழும் கேள்விகள்

சமைக்க எந்தத் தண்ணீர்?
தருமபுரி மாவட்டத்தில் பல இடங்களில் நிலத்தடி நீரில் ஃபுளோரைடு அதிகம். லிட்டருக்கு 1.5 மில்லிகிராமுக்கு மேல் போனால் குடிநீருக்கு ஆகாது. பல்லும் எலும்பும் பாதிக்கப்படும். கொதிக்க வைத்தால் ஃபுளோரைடு போகாது. தண்ணீர் சுண்டச் சுண்ட அதன் அடர்த்திதான் கூடும். எனவே போர்வெல் தண்ணீரைச் சமையலுக்குத் தவிர்த்து, 2013இல் பயன்பாட்டுக்கு வந்த ஒகேனக்கல் கூட்டுக் குடிநீரைப் பயன்படுத்துவது நல்லது.

அனுமதி வாங்க வேண்டுமா?
காசு வாங்கிக்கொண்டு சாப்பாடு போட்டால், சிறு அளவில் செய்தாலும் உணவுப் பாதுகாப்புத் துறையில் பதிவு செய்துகொள்ள வேண்டும்.

பயிற்சி எங்கே கிடைக்கும்?
பாப்பாரப்பட்டியில் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் வேளாண் அறிவியல் நிலையம் இருக்கிறது. சிறுதானிய மதிப்புக் கூட்டல் பற்றி அங்கே விசாரிக்கலாம்.

ஒகேனக்கல் போகிறவர்கள் எப்படிக் கற்றுக்கொள்வது?
கூட்டம் குறைந்த வார நாளில், காலையிலேயே போங்கள். தண்ணீர் வரத்து எவ்வளவு, குளிக்க அனுமதி உண்டா என்று கேட்டுவிட்டுக் கிளம்புங்கள். மீனை எடை போடும்போது பக்கத்தில் நில்லுங்கள். சமையல் கூலியை முன்கூட்டியே பேசுங்கள். "சொல்லிக் கொடுங்கக்கா, அதற்குத் தனியாகத் தருகிறோம்" என்று சொல்லி, கிளம்பும்போது அதைத் தனியாகவே கொடுங்கள். சமையல் கூலியோடு சேர்த்துக் கொடுத்தால், பாடத்துக்கு வந்த காசு எது என்று அவர்களுக்கே தெரியாமல் போய்விடும்.